‘போயிருக்கான்’: ஒரு துணைவினையும் ஒரு மேடையும்

சென்ற மாதம் நண்பர் ஒருவர் என் அறைக்கு வந்து ஒரு நாடகப் பிரதியைத் தந்தார். திருவனந்தபுரத்து மாணவர் நாடகக் குழு ஒன்றுக்காக அவர் எழுதியது. கடலுக்குச் சென்று திரும்பாத மகனுக்காகக் காத்திருக்கும் ஒரு தாயைப் பற்றியது. முதல் சில பக்கங்களை ஆர்வத்தோடு படித்தேன். ஆறாம் பக்கத்தில் என் கை நின்றுவிட்டது. அந்தத் தாய் பேசிய சொற்களை நான் முன்பே கேட்டிருந்தேன். அவை என் களப்பணிப் பதிவில் உள்ளவை. ஓர் இரவு விடுதியில் நண்பர்கள் சிலருக்கு அந்தப் பதிவைப் போட்டுக் காட்டியவளும் நான்தான். ஆகவே இது பிறர் செய்த பிழையைப் பற்றிய பதிவன்று.

என் ஆய்வு விழிஞ்ஞத்துக்குத் தெற்கே தொடங்கி மாநில எல்லையைக் கடந்து தூத்தூர் கரை வரை நீளும் மீனவர் பேச்சில் துணைவினைகளைப் பற்றியது. பொழியூரில் கேரளம் முடிகிறது. நீரோடியில் தமிழ்நாடு தொடங்குகிறது. ஆனால் பேச்சு அந்தக் கோட்டைப் பொருட்படுத்துவதில்லை. எல்லைக்கு இப்பால் மலையாளம் எனப் பதிவாவதிலும் எல்லைக்கு அப்பால் தமிழ் எனப் பதிவாவதிலும் ஒரே கடல் ஒலிக்கிறது. தூத்தூர் வட்டாரத்துப் பங்குகள் இன்றும் திருவனந்தபுரம் இலத்தீன் உயர்மறைமாவட்டத்தைச் சேர்ந்தவை என்பதும் இங்கே நினைக்கத்தக்கது. திருமணம், ஞானஸ்நானம், திருவிழா எல்லாவற்றுக்கும் மக்கள் இருபுறமும் போய்வருகிறார்கள், சொற்களும் அப்படியே.

அந்தக் கரையின் ஆண்கள் ஆழ்கடலில் சுறாப் பிடிப்பதில் பெயர்பெற்றவர்கள். கொச்சியிலிருந்து விசைப்படகில் புறப்பட்டால் வாரக்கணக்கில் கடலிலேயே இருப்பார்கள். 2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயலாக உருவெடுத்தபோது அவர்களுள் பலர் எந்த எச்சரிக்கையும் எட்டாத தொலைவில் இருந்தார்கள். அதன் பின் பல வாரங்கள் கேரளக் கடற்கரை நெடுக உடல்கள் ஒதுங்கின. முகம் கண்டு அறிய முடியாத நிலையில் மரபணுச் சோதனையே பெயர்களைத் திருப்பித் தந்தது. பலருக்கு அதுவும் கிட்டவில்லை. காணாமற்போனவரை இறந்தவராகக் கருத இந்தியச் சான்றுச் சட்டம் ஏழு ஆண்டுக் கணக்கை வைத்திருந்தது. குடும்பங்கள் அவ்வளவு காலம் காத்திராமல் உதவி பெறுவதற்கு அரசுகள் தனி ஏற்பாடு செய்தன. அது தேவையான ஏற்பாடு. ஆனால் அதற்கு ஒரு தாள் வேண்டும். அந்தத் தாளில் ஒரு வினைமுற்று வேண்டும்.

நான் பதிவு செய்த அம்மாவின் வீட்டிலும் அந்தத் தாள் இருக்கிறது. மாதாவின் படத்துக்குப் பின்னால் நெகிழி உறைக்குள் வைத்திருக்கிறார். அவர் பேச்சில் மட்டும் அந்த வினைமுற்று இல்லை. நாற்பது நிமிடப் பதிவில் மகனைப் பற்றி அவர் சொல்லும் வாக்கியம் ஏழு முறை வருகிறது, ஏழு முறையும் ஒரே வடிவம்: “எனக்க மோன் கடலுக்குப் போயிருக்கான்.”

மொழியியல் பயிலாத நண்பர்களுக்காகச் சற்று விளக்குகிறேன். ‘எனக்க’ என்பது குமரிப் பேச்சின் உடைமை வடிவம். நான்காம் வேற்றுமை உருவத்தின் மேல் எழுந்தது. ‘மோன்’ மலையாளத்தோடு பகிர்ந்துகொண்ட சொல். என் கவனம் இறுதி வினையில் இருந்தது. தமிழில் ‘போனான்’ என்றால் செயல் முடிந்தது. அதன் பின் என்ன ஆயிற்று என்பதைப் பற்றி வாக்கியம் பேசுவதில்லை. ‘போய்விட்டான்’ என்றால் செயல் முற்றாக முடிந்தது, இனி மீட்க முடியாது; மரணத்தைச் சொல்ல நாம் தயங்கிப் பயன்படுத்தும் வடிவமும் அதுவே. ‘போயிருக்கிறான்’ என்றால் சென்றவன் இன்னும் சென்ற நிலையில் இருக்கிறான். வாக்கியம் அவன் வரவை எதிர்பார்த்துத் திறந்தே நிற்கிறது. சந்தைக்குப் போனவனைப் பற்றியும் பள்ளிக்குப் போன பிள்ளையைப் பற்றியும் நாம் நாள்தோறும் இப்படித்தான் சொல்கிறோம். எட்டு ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்த அம்மா ‘இரு’ என்னும் துணைவினையைக் கைவிடவில்லை.

நண்பரின் பிரதியில் அந்தத் தாய் கடைசிக் காட்சியில் கூட்டத்தைப் பார்த்து, தன் மகனைக் கடல் கொண்டுபோய்விட்டது என்கிறாள். விளக்கு அணைகிறது.

ஏன் மாற்றினீர்கள் என்று கேட்டேன். “பார்வையாளருக்கு ஒரு முடிவு வேண்டும். ‘போயிருக்கான்’ என்று முடித்தால் எதுவும் நடக்காததுபோல் இருக்கும்” என்றார். அந்த அம்மாவிடம் கேட்க வேண்டாமா என்றேன். அதற்கு அவர் சொன்ன பதில்தான் என்னை ஒரு வாரம் நூலகத்தில் உட்கார வைத்தது: “சிங் யாரிடம் கேட்டார்?”

ஆங்கில இலக்கிய மாணவர்கள் ஜான் மில்லிங்டன் சிங்கை அறிவார்கள். அயர்லாந்தின் மேற்குக் கரைக்கு அப்பால், கால்வே விரிகுடாவின் வாயில் ஆரன் தீவுகள் மூன்று உள்ளன. 1896இல் பாரிசில் சந்தித்த கவிஞர் யேட்ஸ், அத்தீவுகளுக்குச் சென்று வாழ்ந்து பாருங்கள் என்று அவருக்கு ஆலோசனை சொன்னார். 1898 முதல் 1902 வரை ஐந்து முறை சென்றார் சிங். பெரும்பாலும் நடுத்தீவாகிய இனிஷ்மானில் தங்கினார். கல்லூரியில் கற்ற ஐரிஷ் மொழியை அங்கே அடுப்படியில் உட்கார்ந்து மறுபடி கற்றார். முதியவர்கள் கதை சொன்னார்கள். பாட் டிரேன் என்ற முதியவர் சொன்ன, இறந்ததுபோல் நடித்து மனைவியைச் சோதிக்கும் கணவன் கதை, 1903இல் ‘இன் த ஷேடோ ஆஃப் த கிளென்’ என்ற நாடகமாயிற்று. தந்தையை மண்வெட்டியால் கொன்றுவிட்டுத் தீவுக்கு ஓடி வந்தவனை மக்கள் ஒளித்து வைத்துக் காப்பாற்றிய செய்தி 1907இல் ‘தி பிளேபாய் ஆஃப் த வெஸ்டர்ன் வேர்ல்ட்’ ஆயிற்று. டோனகல் கரையில் ஒதுங்கிய உடல் யாருடையது என்று ஆடை, பணப்பை, புகையிலைப் பெட்டி ஆகியவற்றின் விவரத்தைக்கொண்டு தீவு மக்கள் நாள்கணக்கில் தேடியதை அவர் நேரில் கண்டார். 1904இல் மேடையேறிய ‘ரைடர்ஸ் டு த சீ’ நாடகத்தின் மையம் அதிலிருந்து வந்தது. அதில் ஒரு தங்கை, தான் பின்னிய காலுறையில் விட்டுப்போன கண்ணிகளை எண்ணித் தன் அண்ணன் இறந்ததை உறுதி செய்கிறாள். ஒக்கிக்குப் பின் அந்தக் காட்சியைப் படிக்கும் எவருக்கும் மரபணுச் சோதனை முடிவுக்காகக் காத்திருந்த குடும்பங்கள் நினைவுக்கு வராமல் இரா.

கதைகளைச் சிங் தீவிலிருந்து எடுத்தார் என்பது எல்லோரும் சொல்வது. மொழியியல் மாணவியாகிய எனக்கு அவர் எடுத்தவற்றுள் பெரியது இலக்கணமாகவே தோன்றுகிறது. ‘இப்போதுதான் அவனைப் பார்த்தேன்’ என்பதை ஐரிஷ் மொழி ‘அவனைப் பார்த்ததன் பின் இருக்கிறேன்’ என்ற அமைப்பில் சொல்லும். எதை அழுத்திச் சொல்ல வேண்டுமோ அதை முன்னே கொண்டுவந்து, எஞ்சியதைப் பெயரெச்சம்போல் பின்னே தொடர விடும். நம் ‘அவன்தான் வந்தது’, மலையாளத்தின் ‘அவனாணு வந்நது’ போன்றவற்றோடு ஒப்பிடத்தக்க அமைப்பு அது. அயர்லாந்து மக்களின் ஆங்கிலத்தில் ஏற்கெனவே கலந்திருந்த இந்த அமைப்புகளைச் சிங் செறிவாக்கி மேடைக்குக் கொண்டுவந்தார். அவருடைய தாய் மோர்யா தன் மக்களை ஒவ்வொருவராக இழந்ததைச் சொல்லும்போது, துயரத்தைத் தாங்குவது அந்த வாக்கிய அமைப்பே. அதை நகரத்து ஆங்கிலத்துக்கு மாற்றிப் பாருங்கள், நாளிதழ்ச் செய்தியாகிவிடும். என் நண்பருக்கு நான் சொல்லக்கூடிய முதல் பதில் இது. நீங்கள் சிங் செய்ததைச் செய்யவில்லை. அவர் வாக்கியத்தை வைத்துக்கொண்டு நிகழ்ச்சியை மாற்றினார். நீங்கள் நிகழ்ச்சியை வைத்துக்கொண்டு வாக்கியத்தை மாற்றிவிட்டீர்கள்.

ஆனால் அவருடைய கேள்வி அப்படியே நிற்கிறது. சிங் யாரிடம் கேட்டார்? ‘பிளேபாய்’ நாடகத்தின் முன்னுரையில் அவரே ஒரு செய்தியைச் சொல்கிறார். விக்லோ மலைப்பகுதியில் தாம் தங்கியிருந்த பழைய வீட்டின் தரையில் ஒரு பிளவு இருந்ததாம். கீழே சமையலறையில் பணிப்பெண்கள் பேசுவது அதன் வழியே கேட்குமாம். கல்வியெல்லாம் தராத உதவியை அந்தப் பிளவு தந்தது என்கிறார். முதுகலை வகுப்பில் இதைப் படித்தபோது அழகிய செய்தியாகத் தோன்றியது. இப்போது அந்தப் பணிப்பெண்கள் மேலே நிமிர்ந்து பார்த்திருந்தால் என்ன நினைத்திருப்பார்கள் என்று யோசிக்கிறேன். 1907 சனவரியில் டப்ளினின் ஆபி அரங்கில் ‘பிளேபாய்’ மேடையேறியபோது அரங்கமே எதிர்த்துக் கூச்சலிட்டது. எங்கள் சிற்றூர் மக்களை இப்படிக் காட்டலாமா என்பது கேள்வி. கூச்சலிட்டவர்கள் டப்ளின் நகரத்தார். இனிஷ்மானில் கதை சொன்னவர்களின் கருத்து அந்த அரங்கில் ஒலிக்க வழியே இல்லை.

மேடை ஓர் ஊரின் மேல் எவ்வளவு அழுத்தமாகப் பதியும் என்பதற்கு ஆரன் தீவுகளே சான்று. ஆரன் கம்பளிச் சட்டையின் பின்னல் கோலம் குடும்பத்துக்குக் குடும்பம் வேறுபடும் என்றும், மூழ்கி இறந்தவரை அதைக்கொண்டே அடையாளம் காண்பர் என்றும் உலகெங்கும் சொல்லிச் சட்டைகளை விற்கிறார்கள். அதற்குச் சான்று இல்லை. சிங்கின் நாடகத்தில் வரும் அந்தக் காலுறையே இக்கதைக்கு வித்தாகியிருக்கலாம் என்று ஆய்வாளர் கருதுகின்றனர். நாடகம் தீவைப் பார்த்து எழுதப்பட்டது. பிறகு தீவு நாடகத்தின் வழியாகப் பார்க்கப்பட்டது.

நம் மொழியில் இதற்கு நெருங்கிய முயற்சி ஈழத்தில் நடந்தது. யாழ்ப்பாணத்து அளவெட்டியில் 1927இல் பிறந்த மஹாகவி உருத்திரமூர்த்தி ‘புதியதொரு வீடு’ என்ற பா நாடகத்தை எழுதினார். அ. தாசீசியஸ் அதை இயக்கி மேடையேற்றினார். மீனவர் குப்பம் ஒன்றில், கடலுக்குச் சென்றவன் திரும்பவில்லை. அவன் மனைவி அவன் தம்பியை மணந்துகொள்கிறாள். ஆண்டுகள் கழித்து அவன் திரும்பி வருகிறான். மஹாகவியும் அக்குப்பத்தின் பிள்ளையல்லர். உழவர் ஊரிலிருந்து வந்த அரசு அலுவலர். ஆயினும் பேச்சோசையைச் செய்யுளுக்குள் கொண்டுவருவதில் அவருக்கு நிகரானவர் குறைவு. அதன் கடற்பாடல் நாடகத்தை விட்டுப் பிரிந்து தனியாகவே இன்றும் பாடப்படுகிறது. நெய்தலுக்கு இரங்கலை உரிப்பொருளாக வகுத்த மரபிலிருந்து வந்தவர், இரங்கல் முடிந்த பின் சென்றவன் திரும்பினால் என்ன ஆகும் என்று கேட்டார். அதாவது, ஊரார் ‘போய்விட்டான்’ என்று சொல்லிவிட்ட பிறகு ‘போயிருந்தான்’ என்பது மெய்யானால் என்ன செய்வது என்ற கேள்வியே அந்நாடகம். இந்த முறை படித்தபோதுதான் அதை உணர்ந்தேன்.

இன்னொரு வழியும் இருக்கிறது. அது திருவனந்தபுரத்திலிருந்து சில மணி நேரத் தொலைவில் உள்ளது. எறணாகுளம் மாவட்டத்தில் பெரியாற்றின் கழிமுகத்தில் கோதுருத்து என்ற தீவு. சவிட்டுநாடகத்தின் தலைமையிடங்களுள் ஒன்று அது. இலத்தீன் கிறித்தவர்களின் இக்கலையில் கதை சார்லமேன் மன்னனுடையது. பாட்டின் மொழியோ தமிழ் கலந்த மொழி. புகழ்பெற்ற ‘காறல்மான் சரித்திரம்’ சின்னத்தம்பி அண்ணாவி இயற்றியது என்பது மரபு. வீட்டில் மலையாளம் பேசுவோர் மரத்தட்டின் மேல் ஓங்கி மிதித்துத் தமிழில் பாடுகிறார்கள். சுவடியில் உள்ள சொற்களின் பொருள் எல்லோருக்கும் எப்போதும் விளங்குவதில்லை. தாளம் விளங்குகிறது, தலைமுறை தலைமுறையாக ஆசான் வாயிலிருந்து வந்தது என்பது விளங்குகிறது. அத்தீவிலேயே பிறந்த சபீனா ராஃபி 1964இல் மலையாளத்தில் எழுதிய நூல்தான் இக்கலையைக் கல்வியுலகத்தின் கவனத்துக்குக் கொண்டுவந்தது. இங்கே தீவு பிறர் மேடைக்குக் கதை கொடுக்கவில்லை; தொலைதூரத்துக் கதையையும் மொழியையும் வாங்கித் தன் மேடையில் தானே ஆடியது. தரைப் பிளவுக்கு மேலே ஒருவர், கீழே ஒருவர் என்ற பிரிவு அங்கே இல்லை.

இவ்வளவையும் படித்த பின் என் சொந்தக் கோப்பைத் திறந்தேன். என் ஆய்வேட்டின் மூன்றாம் இயலில் எடுத்துக்காட்டு 14 அந்த அம்மாவின் வாக்கியம்தான். கீழே உருபு உருபாகப் பிரித்து எழுதியிருக்கிறேன்: போ, இறந்தகால எச்சம், இரு, நிகழ்காலம், படர்க்கை, ஒருமை, ஆண்பால். ஒப்புதல் படிவத்தில் அவர் கையெழுத்து இருக்கிறது. ‘மொழியியல் ஆய்வுக்கு மட்டும்’ என்று நானே அதில் எழுதியிருக்கிறேன். விடுதி அறையில் அதைப் போட்டுக் காட்டியபோது அந்த வரியை நான் நினைக்கவில்லை. நண்பருக்கு நாடகத்தில் ஓர் உச்சம் வேண்டியிருந்தது. எனக்கு இயலில் ஓர் எடுத்துக்காட்டு வேண்டியிருந்தது. இருவரும் ஒரே பிளவின் மேல் காதை வைத்திருந்தோம்.

நண்பரை அழைத்துக்கொண்டு மறுபடி அந்த ஊருக்குப் போனேன். தம்பானூரில் பேருந்து ஏறி, களியக்காவிளையில் மாறி, பிறகு கரைக்கு. அந்த அம்மா முற்றத்தில் காயப்போட்ட மீனைக் காக்கையிடமிருந்து காத்துக்கொண்டிருந்தார். நடந்ததை ஒன்றும் மறைக்காமல் சொன்னேன். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் என் நண்பரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “நாடகமா மக்ளே? எங்க திருநாளுக்கும் நாடகம் போடுவாவ. அதுல ராசாதான் சாவான்” என்றார்.

பிறகு நெடுநேரம் பேசவில்லை. நண்பர் தம் பிரதியை எடுத்து, தாய் பேசும் இடங்களை மட்டும் வாசித்துக் காட்டினார். அவர் தலையசைத்துக் கேட்டார். ஓரிடத்தில், வலை சுமப்பவன் அப்படிச் சொல்ல மாட்டான் என்று திருத்தினார். கடைசி வரி வந்தபோது கையை உயர்த்தி நிறுத்தினார்.

“எனக்க பேரு வேண்டாம். அவனுக்க பேரும் வேண்டாம். போட்டுக்க பேரும் சொல்லப்பிடாது. மத்ததை நீங்க போடுங்க. ஆனா அவன் போயிட்டான்னு மேடையில ஆரும் சொல்லப்பிடாது. பொறவு அவன் வந்து, அம்மா, நீ அப்பிடியா சொன்னேன்னு கேட்டா, நான் என்ன மக்ளே சொல்ல?”

நண்பர் அங்கேயே எழுதுகோலை எடுத்து அந்த வரியை அடித்தார். திரும்பும் வழியில் களியக்காவிளை வரை நாங்கள் பேசிக்கொள்ளவில்லை. பேருந்து மாறிய பிறகு அவர் கேட்டார்: “மகன் இல்லை என்பது அவருக்குத் தெரியாதா?” தெரியும் என்றுதான் நினைக்கிறேன். ஆண்டுதோறும் நவம்பர் 30 அன்று ஊரோடு சேர்ந்து பூசைக்குப் போகிறார். நிவாரணத் தொகையை வாங்கிப் பேத்தியைச் செவிலியர் படிப்பில் சேர்த்திருக்கிறார். எது நடந்தது என்பதைப் பற்றி அவர் எவரோடும் வழக்காடவில்லை. தன் வாயால் அந்த வினையை முடித்துவைக்க மாட்டேன் என்பதே அவர் நிலை. இதைத் தெரியாமை என்று வகைப்படுத்த என் துறையில் இடமிருக்கலாம். நான் அப்படி வகைப்படுத்தப் போவதில்லை.

நாடகம் இப்போது ஒத்திகையில் இருக்கிறது. தாயாக நடிக்கும் மாணவி நகரத்தில் வளர்ந்தவர். முதலில் ‘போயிருக்கிறான்’ என்று எழுத்துத் தமிழில் உச்சரித்தார். பிறகு ‘போயிருக்கான்’ என்று சோகமாக இழுத்தார். அந்த அம்மா அதைச் சோகமாகச் சொல்லவில்லை. மீனைத் திருப்பிப் போட்டுக்கொண்டே, கேட்டவருக்குத் தகவல் சொல்வதுபோல் சொன்னார். அந்த ஒலிக்கு மாணவி வந்து சேர மூன்று நாள் ஆயிற்று. கதையைப் போய்க் கேட்டு வாங்க வேண்டும், மொழியை உட்கார்ந்து கற்று வாங்க வேண்டும் என்று நண்பர் இப்போது சொல்கிறார். சிங் இரண்டாவதைச் செய்தார். முதலாவதை எவ்வளவு செய்தார் என்பதை ஆரன் தீவினரே சொல்லியிருக்க வேண்டும்.

என் ஆய்வேட்டில் எடுத்துக்காட்டு 14ஐ மாற்றிவிட்டேன். அதே ஊரில் இன்னொரு பதிவில் ஒருவர் தம் தம்பியைப் பற்றிச் சொன்னது: ‘அவன் சந்தைக்குப் போயிருக்கான்.’ இலக்கண விளக்கத்துக்கு அதுவே போதும். ஒப்புதல் படிவத்திலும் ஒரு வரி சேர்த்திருக்கிறேன்: இந்தப் பேச்சு ஆய்வுக்கு அப்பால் எங்கேனும் பயன்பட வேண்டுமானால் மறுபடி நேரில் வந்து கேட்பேன். இனி படிவத்தை நீட்டிக் கையெழுத்து வாங்குவதற்கு முன் அதை வாய்விட்டுப் படித்துக் காட்டுகிறேன். இந்தப் பதிவையும் தொலைபேசியில் அந்த அம்மாவுக்குப் படித்துக் காட்டிய பின்பே வெளியிடுகிறேன். ஊர்ப்பெயரை விட்டுவிட்டாயா என்று இருமுறை கேட்டார். விட்டுவிட்டேன் என்றேன்.